ஒரே கார், ஐந்து பேர், எத்தனை எல்லை?

வின்டர்தூரில் வசிக்கும் ஒரு வாசகி எழுதியிருக்கிறார்: "யாழ்ப்பாணத்திலிருந்து அம்மாவும் அப்பாவும் சுவிஸ் விசாவில் வந்திருக்கிறார்கள். ஒருமுறை நுழைவதற்கு மட்டும்தான் அனுமதி. அடுத்த மாதம் ஸ்டுட்கார்ட்டில் சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணம். ஜெர்மனிக்குப் போனால் அந்த ஒரு நுழைவு முடிந்துவிடும், திரும்ப சுவிஸுக்குள் விடமாட்டார்கள் என்று தெரிந்தவர் ஒருவர் சொல்கிறார். வரும் வழியில் எல்லையோர ஜெர்மன் ஊரான கான்ஸ்டன்ஸில் சாமான் வாங்க வேண்டும். லீக்டன்ஸ்டைனையும் அவர்களுக்குக் காட்ட ஆசை. நான் சுவிஸ் பிரஜை, கணவருக்கு சி அனுமதி, எங்களோடு இருக்கும் அவருடைய தம்பிக்கு எஃப் அனுமதி. ஐந்து பேரும் ஒரே காரில் போய் வரலாமா?"

முதலில் அம்மா அப்பா விஷயம். அவர்கள் தாராளமாக ஸ்டுட்கார்ட் போய்த் திரும்பலாம். நுழைவு தீர்ந்துவிடாது. விசாவில் சொல்லும் 'நுழைவு' என்பது ஷெங்கன் பகுதி, அதாவது தங்களுக்குள் பாஸ்போர்ட் சோதனையை எடுத்துவிட்ட ஐரோப்பிய நாடுகள், முழுவதற்கும் சேர்த்துத்தான். சூரிச் விமான நிலையத்தில் இறங்கியபோதே அந்த ஒரு நுழைவு நடந்துவிட்டது. அதற்குப் பிறகு 29 நாடுகள் கொண்ட அந்தப் பகுதிக்குள் எங்கே போனாலும், வெளியேறியதாகக் கணக்கு ஆகாது. ஜெர்மனி, பிரான்ஸ், இத்தாலி, ஆஸ்திரியா, லீக்டன்ஸ்டைன் என்று சுவிட்சர்லாந்தைச் சுற்றியிருக்கும் ஐந்து நாடுகளும் ஷெங்கனுக்குள்தான். அவர்களுடைய விசாவைத் தீர்த்துவிடக்கூடியது லண்டன் பயணம்தான். பிரிட்டன் ஷெங்கனில் இல்லை. லண்டனில் உறவினர் இருந்து, அவர்களுக்குத் தனியாக பிரிட்டன் விசாவே கிடைத்தாலும், போய்விட்டு இதே சுவிஸ் விசாவில் திரும்பி வர முடியாது. லண்டன் போவதானால் பயணத்தின் கடைசியில் வைத்துக்கொண்டு, அங்கிருந்தே கொழும்புக்கு விமானம் ஏறட்டும்.

கிளம்புவதற்கு முன் அவர்களுடைய பாஸ்போர்ட்டில் ஒட்டியிருக்கும் விசாவை எடுத்து மூன்று இடங்களைப் பாருங்கள். எந்த நாடுகளுக்குச் செல்லும் என்ற வரியில் 'ஷெங்கன் நாடுகள்' என்ற பொருளில் எழுதியிருக்க வேண்டும். அபூர்வமாகச் சிலருக்கு சுவிட்சர்லாந்துக்கு மட்டும் செல்லுபடியாகும் விசா கொடுப்பதுண்டு. அப்படியானால் ஸ்டுட்கார்ட் போக முடியாது. அடுத்தது, தங்கலாம் என்று கொடுத்திருக்கும் நாள்களின் எண்ணிக்கை. விசாவின் தொடக்கத் தேதிக்கும் முடிவுத் தேதிக்கும் நடுவே இருக்கும் நாள்களைவிட இது பெரும்பாலும் குறைவாக இருக்கும். தங்குவதற்கு இதுதான் கணக்கு. ஜெர்மனியில் கழிக்கும் நாள்களும் இதில்தான் கழியும். மூன்றாவது முடிவுத் தேதி. 2025 அக்டோபர் 12 முதல் ஷெங்கனுக்குள் வருவதையும் போவதையும் கணினியில் பதியும் முறை தொடங்கியிருக்கிறது. ஒரு நாள் கூடுதலாகத் தங்கினாலும் எந்திரம் காட்டிக்கொடுத்துவிடும். அடுத்த விசா கேட்கும்போது அது முன்னால் வந்து நிற்கும்.

அந்தத் தெரிந்தவர் மேல் குறை சொல்ல மாட்டேன். குழம்புவதற்கு நியாயமான காரணம் இருக்கிறது. சுவிட்சர்லாந்து ஐரோப்பிய ஒன்றியத்தில் இல்லை, ஆனால் ஷெங்கனில் இருக்கிறது. 2005 ஜூனில் நடந்த மக்கள் வாக்கெடுப்பில் ஷெங்கனுக்குச் சம்மதம் கிடைத்தது. 2008 டிசம்பர் 12-ல் தரை எல்லைகளில் பாஸ்போர்ட் சோதனையை எடுத்தார்கள், 2009 மார்ச்சில் விமான நிலையங்களில் எடுத்தார்கள். ஆனால் ஒன்றியத்தின் சுங்க வட்டத்துக்குள், அதாவது எல்லையில் சாமானுக்குச் சுங்கம் கேட்காத கூட்டுக்குள், சுவிட்சர்லாந்து சேரவே இல்லை. அதனால் ஒரே நாட்டுக்கு இரண்டு வகை எல்லைகள் இருக்கின்றன. ஆள் போவதற்கான எல்லை சூரிச் விமான நிலையத்தில் இருக்கிறது. சாமான் போவதற்கான எல்லை இன்னமும் சுவிஸ் எல்லை ஊர்களான கிரொய்ட்ஸ்லிங்கனிலும் பாசெலிலும் கியாசோவிலும் நிற்கிறது. ஒவ்வொரு முறை எல்லை கடக்கும்போதும் 'ஆளுக்கு என்ன விதி, பைக்கு என்ன விதி' என்று இரண்டையும் தனித்தனியாகக் கேட்டுக்கொண்டால் பாதிக் குழப்பம் போய்விடும்.

ஆள் எல்லை திறந்திருக்கிறது என்பதற்காகப் பாஸ்போர்ட்டை வீட்டில் வைத்துவிட்டுப் போகக் கூடாது. 2023 அக்டோபரில் ஜெர்மனி சுவிஸ் எல்லையில் தற்காலிகச் சோதனை என்று தொடங்கி நீட்டித்துக்கொண்டே போனது. எல்லா காரையும் நிறுத்துவதில்லை, ஆனால் நிறுத்தினால் ஒவ்வொருவரின் பத்திரத்தையும் பார்ப்பார்கள். உங்களுக்கு சுவிஸ் அடையாள அட்டை போதும். உங்கள் கணவருக்கு சி அனுமதி (நிரந்தரமாக வசிக்கும் அனுமதி) அட்டை மட்டும் போதாது, காலாவதியாகாத பாஸ்போர்ட்டும் கூட வேண்டும். பலர் இங்கேதான் மாட்டிக்கொள்கிறார்கள். அம்மா அப்பாவிடம் மூலப் பாஸ்போர்ட் இருக்க வேண்டும், கைபேசியில் எடுத்த படம் செல்லாது. விசாவுக்காக எடுத்த 30,000 யூரோ மருத்துவக் காப்பீட்டின் தாளும் பையில் இருக்கட்டும். ஷெங்கன் முழுவதற்கும் செல்லுபடியாக வேண்டும் என்பது அதன் விதியே, ஆகவே ஸ்டுட்கார்ட்டிலும் உதவும்.

இனி சாமான். இதில்தான் நம் வீடுகளில் அதிகம் பணம் போகிறது, அதனால் நிதானமாகப் பார்க்கலாம்.

2025 ஜனவரி 1 முதல் சுவிஸுக்குள் வரி இல்லாமல் கொண்டுவரக்கூடிய பொருள்களின் மதிப்பு ஒரு ஆளுக்கு ஒரு நாளுக்கு 150 ஃபிராங்க். அதற்கு முன்னால் 300 ஆக இருந்தது. பழைய தொகையை நினைத்துக்கொண்டு இன்னும் பலர் வண்டியை நிரப்புகிறார்கள். 150-ஐத் தாண்டினால், தாண்டிய தொகைக்கு மட்டும் வரி என்று எண்ணாதீர்கள். ஒருவர் 180 ஃபிராங்குக்கு வாங்கினால் முழு 180-க்கும் வரி உண்டு: பொதுவான பொருள்களுக்கு 8.1 சதவீதம், உணவுப் பொருள்களுக்கு 2.6 சதவீதம். நான்கு பேர் போனால் நான்கு பேருக்கும் தனித்தனி 150 உண்டு, விருந்தாளியாக வந்திருக்கும் அம்மா அப்பாவுக்கும் சேர்த்துத்தான். ஆனால் ஒரே பொருளைப் பங்குபோட முடியாது. கான்ஸ்டன்ஸில் 220 யூரோவுக்கு ஒரு மிக்ஸி வாங்கினால், காரில் எத்தனை பேர் இருந்தாலும் அதற்கு வரி கட்டியாக வேண்டும். பில்லில் ஜெர்மன் வரி தனியாகக் காட்டியிருந்தால், அதைக் கழித்த விலைதான் சுவிஸ் கணக்குக்கு. ஆகவே பில்லைத் தூக்கிப்போடாதீர்கள்.

இறைச்சிக்கு வேறு கணக்கு. ஒரு ஆளுக்கு ஒரு நாளுக்கு 1 கிலோ. ஆடு, கோழி, மாடு எல்லாம் சேர்த்து. அதற்கு மேல் கிலோவுக்கு 17 ஃபிராங்க் தீர்வை என்பதால், மலிவு என்று வாங்கிய ஆட்டிறைச்சி சுவிஸ் விலையையே எட்டிவிடும். மீன், இறால், நண்டு இந்த 1 கிலோவில் சேராது. மீன் சாப்பிடும் வீட்டுக்கு இது பெரிய சலுகை, பலருக்குத் தெரிவதே இல்லை. வெண்ணெயும் கிரீமும் சேர்த்து 1 கிலோ, எண்ணெய் 5 கிலோ. இவையெல்லாம் ஜெர்மனி போன்ற ஒன்றிய நாடுகளிலிருந்து வரும்போதுதான் பொருந்தும். யாழ்ப்பாணத்திலிருந்து விமானத்தில் வரும் பெட்டிக்கு விதி கடுமை. இறைச்சியும் நெய்யும் கூடாது, பச்சைக் கறிவேப்பிலைக்குத் தாவர நலச் சான்று கேட்பார்கள். அடுத்த தடவை பெட்டி கட்டும்போது அம்மாவிடம் இதைச் சொல்லிவிடுங்கள்.

அளவைத் தாண்டிவிட்டால் மறைக்க வேண்டிய தேவையே இல்லை. சுவிஸ் சுங்கத்தின் குவிக்சோல் செயலியில் எல்லைக்கு வருவதற்கு முன்பே பொருளைப் பதிந்து, அட்டையில் பணம் கட்டிவிடலாம். மறைத்துப் பிடிபட்டால் வரியோடு அபராதமும் சேரும். இன்னொன்று: ஜெர்மன் கடையில் வாங்கும் ஏற்றுமதிச் சீட்டில் ஜெர்மன் சுங்கத்தின் முத்திரை வாங்கினால் அந்த நாட்டு வரியைக் கடையில் திரும்பப் பெறலாம், பில் 50 யூரோவைத் தாண்டியிருந்தால். அந்த முத்திரை விழுந்துவிட்டால் சுவிஸ் பக்கமும் சரியாகிவிட்டது என்று நினைப்பது தவறு. இரண்டு நாட்டுக்கும் இரண்டு தனி வேலை.

போகும் திசையிலும் கணக்கு உண்டு. சுவிஸிலிருந்து காரில் ஜெர்மனிக்குக் கொண்டுபோகும் பரிசுப் பொருள் ஆளுக்கு 300 யூரோ வரைதான் வரி இல்லாமல் போகும். மணமகளுக்கு வைத்துக் கொடுக்கப்போகும் தங்கச் சங்கிலி நிச்சயம் அதைத் தாண்டும், அதை எல்லையில் சொல்லியாக வேண்டும். நீங்கள் கழுத்தில் போட்டுப் போய் அதையே போட்டுத் திரும்பும் நகை சொந்தப் பொருள், அதற்குப் பிரச்சினை இல்லை. மொய்ப் பணத்தை ரொக்கமாக எடுத்துப் போவதானால், 10,000 யூரோவோ அதற்கு மேலோ இருந்தால் எழுத்தில் அறிவிக்க வேண்டும்.

கான்ஸ்டன்ஸில் காரை நிறுத்திவிட்டு ஏரிக்கரைக்கு நடந்து போய் அம்மா அப்பாவுக்கு அந்த எல்லையைக் காட்டுங்கள். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் எழுப்பிய கம்பிவேலி அங்கே கான்ஸ்டன்ஸையும் கிரொய்ட்ஸ்லிங்கனையும் பிரித்து நின்றது. 2006-ல் அதைப் பிடுங்கிவிட்டு, எல்லைக் கோட்டின் மேல் வரிசையாக 22 சிற்பங்களை நிறுத்தியிருக்கிறார்கள். ஒரு சிற்பத்துக்கும் அடுத்த சிற்பத்துக்கும் நடுவே நடந்தால் நாடு மாறிவிடும். வேலிகளையும் சோதனைச் சாவடிகளையும் கண்டு வளர்ந்த நம் பெரியவர்கள் அந்த இடத்தில் அவசரமில்லாமல் நிற்க வேண்டும் என்பது என் ஆசை. அங்கிருந்து பார்த்தால் தெரியும் போடன்சே ஏரியின் பெரிய பகுதியில் எல்லைக் கோடே கிடையாது. நடுவில் கோடு ஓடுகிறது என்பது சுவிஸ் கருத்து, ஆழமான நீர் மூன்று நாட்டுக்கும் பொது என்பது ஆஸ்திரியாவின் கருத்து. எல்லை ஒப்பந்தம் எழுதாமலே படகுகள் ஓடுகின்றன.

ஷாஃப்ஹவுசன் வழியாகப் போவதானால் பக்கத்திலேயே பியூசிங்கன் என்ற ஊர் இருக்கிறது. ஜெர்மன் மண், ஆனால் நாலா பக்கமும் சுவிஸ். 1918-ல் ஊர்மக்களில் 96 சதவீதம் பேர் சுவிஸோடு சேர வேண்டும் என்று வாக்களித்தும், பதிலுக்குக் கொடுக்க சுவிஸிடம் பொருத்தமான நிலம் இல்லாததால் நடக்கவில்லை. 1967-ல் நடப்புக்கு வந்த ஒப்பந்தப்படி அது சுவிஸ் சுங்க வட்டத்துக்குள் இருக்கிறது. இரண்டு நாட்டு அஞ்சல் எண்ணும் உண்டு, கடையில் ஃபிராங்க் ஓடும். அங்கே வாங்கும் சாமானுக்கு 150 ஃபிராங்க் கணக்கு பார்க்க வேண்டியதில்லை. ஜெர்மன் மண்ணில் வாங்கினாலும் சுங்கக் கண்ணில் நீங்கள் சுவிஸை விட்டு வெளியே போகவே இல்லை.

லீக்டன்ஸ்டைன் சுலபம். 1923-ல் கையெழுத்தான ஒப்பந்தத்தால் சுவிஸோடு ஒரே சுங்க வட்டம், பணமும் ஃபிராங்க்தான். ஷெங்கனில் 2011 டிசம்பரில் சேர்ந்தது. ரைன் ஆற்றுப் பாலத்தைக் கடந்தால் அதன் தலைநகர் வாடுஸ். யாரும் நிறுத்த மாட்டார்கள், சாமானுக்கும் கணக்கு இல்லை. அந்தப் பக்கம் ஆஸ்திரியாவுக்குள் இறங்கினால்தான் சுங்கம் வரும், அங்கே நிற்பதும் சுவிஸ் அதிகாரிகளே. வாடுஸ் சுற்றுலா நிலையத்தில் காசு கொடுத்தால் நினைவு முத்திரை குத்துவார்கள். அதை அம்மா அப்பாவின் பாஸ்போர்ட்டில் வாங்காதீர்கள். அது அரசு முத்திரை இல்லை, அடுத்த விசாவுக்குக் கொடுக்கும்போது வீண் கேள்வி எழும். ஒரு தபால் அட்டையில் குத்தச் சொல்லுங்கள்.

கைபேசி பற்றி ஒரு வார்த்தை. ஒன்றிய நாடுகளுக்குள் கூடுதல் கட்டணமில்லாமல் பேசும் விதி சுவிஸுக்குப் பொருந்தாது. ஏரிக்கரையில் நிற்கும்போது சுவிஸ் சிம் தானாகவே ஜெர்மன் கோபுரத்தைப் பிடித்துக்கொள்ளும். அப்பாவின் கைபேசியில் டேட்டா ரோமிங்கை அணைத்துவிடுங்கள்.

கடைசியாக, நீங்கள் ஒரே வரியில் கேட்டுவிட்ட கொழுந்தனாரின் விஷயம். ஐந்து பேரில் அவர் நிலைதான் சிக்கலானது. எஃப் அனுமதி, அதாவது தற்காலிக ஏற்பு, சுவிஸுக்குள் வாழ்வதற்கானது. பி, சி அனுமதிக்காரர்களைப் போல அதை வைத்துக்கொண்டு ஷெங்கனுக்குள் போக முடியாது. கான்ஸ்டன்ஸ் வரை ஒரு மணி நேரம் போய்வருவதும் சட்டப்படி வெளிநாட்டுப் பயணம்தான். முன்கூட்டியே அனுமதியும் திரும்பி வருவதற்கான விசாவும் பெற வேண்டும். மாநிலக் குடியேற்ற அலுவலகம் வழியாகத்தான் விண்ணப்பம் போகும், ஏற்கும் காரணங்கள் குறைவு, உறவினர் கல்யாணம் போதுமான காரணமாக எடுபடாமல் போகலாம். ஆகவே திங்கட்கிழமையே அந்த அலுவலகத்துக்குப் போய், கல்யாண அழைப்பிதழோடு எழுத்தில் கேளுங்கள். பதில் கையில் வராவிட்டால் அவர் காரில் ஏற வேண்டாம். சிற்பங்களுக்கு நடுவே படம் எடுக்க இரண்டு அடி தள்ளி நிற்பதும் வேண்டாம். வாடுஸும் வேறு நாடு என்பதால், அந்தப் பயணத்தையும் அதே விண்ணப்பத்தில் சேர்த்துக் கேட்டுவிடுங்கள்.