நிலவில் மனிதன்: சந்தேகங்களும் பதில்களும்

கேள்வி: மனிதன் நிலவில் இறங்கியதே பொய் என்கிறார்களே. காற்றே இல்லாத அந்த இடத்தில் கொடி எப்படி சார் பறக்கிறது?

பதில்: பறக்கவில்லை. துணியின் மேல்விளிம்பில் ஒரு குறுக்குக் கம்பி இருக்கிறது. மனிதன் முதன்முதலில் இறங்கிய அப்பல்லோ 11 பயணத்தில் அந்தக் கம்பி முழுதாக நீளவில்லை. அதனால் துணி சுருங்கி, அலையடிப்பது போலத் தெரிகிறது.

கேள்வி: ஒரு நட்சத்திரம்கூட இல்லையே?

பதில்: எல்லாம் நிலவின் பகலில் எடுத்த படங்கள். வெயிலில் பளீரென்றிருக்கும் தரைக்கும் வெள்ளை உடைக்கும் ஏற்றபடி கேமராவை வைத்தால் நட்சத்திரம் பதியாது.

கேள்வி: அண்ணா, ஸ்டூடியோவில் எடுத்த படம் என்று என் மாமா அடித்துச் சொல்கிறார். என்ன பதில் சொல்வது?

பதில்: 1972-இல், அப்பல்லோ 16 பயணத்தில், விண்வெளி வீரர் ஜான் யங் ரோவர் என்ற நிலவு வண்டியை ஓட்டும் படத்தைப் போட்டுக் காட்டுங்கள். சக்கரத்தை மட்டும் பார்க்கச் சொல்லுங்கள். நம் ஊர் மண் ரோட்டில் வண்டி போனால் புழுதி மண்டலமாக எழுந்து காற்றில் நிற்கும். அங்கே அப்படி இல்லை. வீசப்பட்ட தூசி வில்லாக வளைந்து மேலே போய் அப்படியே தரையில் விழுகிறது, மிதப்பதே இல்லை. படத்தை மெதுவாக ஓட்டினாலும் காற்றுள்ள இடத்தில் இது நடக்காது. அவ்வளவு பெரிய ஸ்டூடியோவிலிருந்து காற்றை மொத்தமாக உறிஞ்சி எடுத்திருக்க வேண்டும்!

கேள்வி: 1972-க்குப் பிறகு ஏன் யாரும் இறங்கவில்லை?

பதில்: பணம்தான். சோவியத்துடனான போட்டியில் அமெரிக்கா ஜெயித்தாயிற்று, நிதியை வெட்டினார்கள். அப்பல்லோ 18, 19, 20 ரத்தாயின.

கேள்வி: ஆதாரம் எல்லாமே நாசா கொடுத்ததுதானே?

பதில்: இதைத்தான் முதலில் கேட்க வேண்டும். பூமியிலிருந்து அனுப்பும் லேசரைத் திருப்பி அனுப்ப நிலவில் வைத்த கண்ணாடிகளைப் பலர் சொல்வார்கள். அதை மட்டும் வைத்து வாதாடாதீர்கள். சோவியத்தின் ஆளில்லா லூனகோட் வண்டிகளிலும் அவை உண்டு. வலுவான சாட்சி எதிராளிதான். ஆர்ம்ஸ்ட்ராங்கும் ஆல்ட்ரினும் நிலவில் இருந்தபோதே சோவியத்தின் ஆளில்லா கலம் லூனா 15 அங்கே மோதி நொறுங்கியது. இங்கிலாந்தின் ஜோட்ரல் பேங்க் தொலைநோக்கி அப்பல்லோ 11, லூனா 15 இரண்டையும் கவனித்துக்கொண்டிருந்தது. பொய் என்றால் மாஸ்கோ சும்மா விட்டிருக்குமா? அப்புறம் பாறைகள்: அப்பல்லோ வீரர்கள் ஆறு பயணங்களில் கொண்டுவந்தது 382 கிலோ. 1970-இல் ஆளில்லாத லூனா 16 கொண்டுவந்தது சுமார் 100 கிராம்தான். நம் சந்திரயான்-2 ஆர்பிட்டரும் 2021-இல் அப்பல்லோ 11 இறங்கிய இடத்தைப் படமெடுத்தது. அவர்கள் இறங்கிய ஈகிள் கலத்தின் கீழ்ப்பகுதி இன்னும் அங்கேயே நிற்கிறது.