கேம் லைப்ரரி: எது யாருக்குத் தெரிகிறது, எதை எப்படி அடுக்குவது? (நுகர்வோர் கேள்வி-பதில்)

கேள்வி: கணினி கேம்களை விற்கும் ஸ்டீம் என்ற இணையக் கடையின் கணக்கில் நூற்றுக்கும் மேற்பட்ட கேம்கள் வைத்திருக்கிறேன். அவற்றில் சிலவற்றை அலுவலக நண்பர்கள் பார்க்க வேண்டாம் என்று ‘ஹைட் திஸ் கேம்’ கொடுத்து மறைத்துவிட்டேன். என் திரையில் அவை இல்லை. ஆனாலும் சென்ற வாரம் சக ஊழியர் ஒருவர் அவற்றில் ஒன்றின் பெயரைச் சொல்லி, ‘இதையெல்லாமா விளையாடுகிறீர்கள்?’ என்று கேட்டார். என் கணக்கு திருடு போயிருக்குமா?

பதில்: கணக்கு திருடு போகவில்லை, நீங்கள் பயன்படுத்திய வசதி வேறொரு வேலைக்கானது. ‘ஹைட்’ என்பது உங்கள் சொந்தப் பட்டியலில் ஒரு கேம் உங்கள் கண்ணில் படாதவாறு ஒதுக்கிவைப்பது மட்டுமே. முடித்துவிட்ட கேம்களையும், தொகுப்போடு சேர்ந்து வந்த, ஒருபோதும் திறக்கப்போகாத கேம்களையும் அலமாரியின் பின்தட்டுக்குத் தள்ளுவதைப் போன்றது அது. ‘வியூ’ மெனுவில் ‘ஹிடன் கேம்ஸ்’ என்பதைத் திறந்தால் அவை அனைத்தும் அங்கேயே இருக்கும். நண்பர் ஒருவர் உங்கள் புரொஃபைலைத் திறந்து பார்க்கும் பட்டியலில் இந்த ஒதுக்கல் எந்த மாற்றத்தையும் செய்வதில்லை. அந்த கேமை எத்தனை மணி நேரம் ஆடினீர்கள் என்பதும், அதில் எந்தெந்த அச்சீவ்மென்ட்களைப் (இலக்குகளை எட்டினால் கிடைக்கும் பதக்கங்களை) பெற்றீர்கள் என்பதும் அவருக்கு வழக்கம்போலத் தெரிந்துகொண்டுதான் இருக்கும்.

உங்களுக்குத் தேவைப்பட்டது, ‘ஹைட்’ உள்ள அதே ‘மேனேஜ்’ மெனுவில் இருக்கும் ‘மார்க் ஆஸ் பிரைவேட்’ என்பதாகும். 2024ஆம் ஆண்டின் தொடக்க மாதங்களில் அனைவருக்கும் கிடைத்த இந்த வசதியின்படி, பிரைவேட் என்று குறிக்கப்பட்ட கேம் உங்களிடம் இருக்கிறது என்பதும், நீங்கள் இப்போது அதை ஆடிக்கொண்டிருக்கிறீர்கள் என்பதும், ஆடிய நேரமும் நண்பர்கள் உட்பட எவருக்கும் காட்டப்படுவதில்லை. நண்பர் பட்டியலில் நீங்கள் வெறுமனே ஆன்லைனில் இருப்பதாகவே தெரியும். பலர் சேர்ந்து ஆடும் கேமாக இருந்தால், அதே களத்தில் இருக்கும் மற்ற ஆட்டக்காரர்கள் உங்கள் பெயரைப் பார்ப்பதை இந்தக் குறியீடு தடுக்காது.

கேம் கேமாகக் குறிக்க விருப்பம் இல்லையென்றால், புரொஃபைலைத் திருத்தும் பக்கத்தில் உள்ள ‘பிரைவசி செட்டிங்ஸ்’ பகுதிக்குச் சென்று, ‘கேம் டீடெயில்ஸ்’ என்பதைப் ‘பிரைவேட்’ ஆக்கிவிடலாம். உங்களிடம் உள்ள கேம்கள், விஷ்லிஸ்ட்டில் (வாங்க விரும்பும் பட்டியலில்) சேர்த்தவை, அச்சீவ்மென்ட்கள், ஆடிய நேரம் ஆகிய நான்கும் அந்த ஒரே தலைப்பின்கீழ் வருகின்றன. பொதுவாக எல்லோரும் தேர்ந்தெடுப்பது நடுவில் உள்ள ‘ஃபிரெண்ட்ஸ் ஒன்லி’ என்பதைத்தான். உங்கள் பிரச்சினையும் அங்கிருந்தே தொடங்குகிறது, ஏனென்றால் அந்தச் சக ஊழியர் உங்கள் நண்பர் பட்டியலில் இருக்கிறார். பள்ளித் தோழருக்குக் காட்டு, மேலாளருக்குக் காட்டாதே என்று நண்பர்களைப் பிரித்து ஆணையிடும் வசதி ஸ்டீமில் கிடையாது; நண்பர்களைக் குழுக்களாக வகைப்படுத்தினாலும் அது பட்டியலை அடுக்குவதற்கு மட்டுமே உதவும். எனவே சில கேம்கள் மட்டுமே சங்கடம் என்றால் அவற்றைப் பிரைவேட் என்று குறிப்பதும், பெரும்பாலானவை சங்கடம் என்றால் கேம் டீடெயில்ஸை முழுவதுமாக மூடுவதும் தக்கது. கேம்கள் தெரியலாம், அவற்றில் கழித்த மணிக்கணக்கு மட்டும் தெரியக்கூடாது என்பவர்களுக்கு அதே பக்கத்தில் ஒரு தனிப் பெட்டி இருக்கிறது. நான் அறிந்தவரை அதிகம் பேருக்குத் தேவைப்படுவது அதுதான். ஆடுவதைவிட, ஆடிய நேரத்தை எண்ணிக் காட்டுவதே நம்மிடையே கூச்சத்தைத் தருகிறது.

‘இன்விசிபிள்’ என்ற நிலையை நம்பிவிட வேண்டாம். அந்த நேரத்தில் நீங்கள் ஆன்லைனில் இல்லாததுபோலத் தோன்றுவீர்கள். ஆனால் ஆடிய நேரம் கணக்கில் ஏறிக்கொண்டே இருக்கும், கேம் டீடெயில்ஸ் திறந்திருந்தால் பிறகு புரொஃபைலின் கடந்த இரண்டு வாரக் கணக்கிலும் அது வந்து நிற்கும்.

2018 ஏப்ரல் மாதத்தில் ஸ்டீமை நடத்தும் வால்வ் நிறுவனம் இந்த அமைப்புகளை மாற்றி, கேம் பட்டியலை இயல்பாகவே பொதுப்பார்வையிலிருந்து விலக்கியது. அதற்கு முன்பு பெரும்பாலான புரொஃபைல்கள் எவரும் படிக்கத்தக்கவையாகவே இருந்தன. அவற்றின் மாதிரியை எடுத்து எந்த கேம் எத்தனை பேரிடம் இருக்கிறது என்று கணித்துவந்த ஸ்டீம்ஸ்பை என்ற தளம், இந்த மாற்றத்தோடு தன் பழைய முறையைத் தொடர முடியாது என்று அறிவித்தது. அந்தக் கணிப்புகள் விற்பனை நிலவரம் தெரியாத சிறு கேம் தயாரிப்பாளர்களுக்குப் பயன்பட்டன என்பது உண்மையே. எனினும், வாங்கியவரிடம் கேட்காமல் அவருடைய வாங்கல் பட்டியலைப் பொதுத் தரவாக வைத்திருந்ததை நான் நியாயம் என்று கருதவில்லை. உங்கள் கணக்கு பழையது என்றால், ‘பிரைவசி செட்டிங்ஸ்’ பக்கத்தை ஒருமுறையாவது திறந்து பார்த்துவிடுங்கள்.

கேள்வி: எனக்கும், கல்லூரியில் படிக்கும் மகளுக்கும், ஒன்பதாம் வகுப்பு படிக்கும் மகனுக்கும் ஒரே ஸ்டீம் கணக்கே போதும் என்று இருந்துவிட்டேன். இப்போது பிரித்துவிட நினைக்கிறேன். நான் வாங்கிய கேம்களை அவர்கள் ஆட முடியுமா? வன்முறை மிகுந்த கேம்கள் மகனுக்குத் தெரியாமல் இருக்க வேண்டும்.

பதில்: பிரிப்பதே சரி. ஸ்டீமில் கணக்கு தொடங்க 13 வயது நிரம்பியிருக்க வேண்டும் என்பதால் மகனுக்கும் தனிக் கணக்கு தடையில்லை. 2024 செப்டம்பரில் முழுமையாக வெளியான ‘ஸ்டீம் ஃபேமிலிஸ்’ ஏற்பாட்டில் ஒரே வீட்டில் வாழும் ஆறு பேர் வரை சேரலாம். ஒவ்வொருவரும் மற்றவரின் கேமை, தமக்கென்று தனியான சேவ் (சேமித்த ஆட்ட நிலை), தனியான அச்சீவ்மென்ட்களோடு ஆட முடியும். உங்கள் லைப்ரரியிலிருந்து மகள் ஒரு கேமையும் நீங்கள் வேறொன்றையும் ஒரே நேரத்தில் ஆடலாம். ஒரே கேமை இருவரும் ஒரே நேரத்தில் ஆட வேண்டுமானால் குடும்பத்தில் இரண்டு பிரதிகள் வாங்கப்பட்டிருக்க வேண்டும். எல்லா கேம்களும் பகிரப்படுவதில்லை. தயாரிப்பாளர் அனுமதிக்காதவை பகிர்வுக்கு வராது.

மகனின் கணக்கைக் குழந்தை என்ற பொறுப்பில் சேர்த்தால், எந்த கேம்களை அவன் திறக்கலாம், ஸ்டோரும் சாட்டும் அவனுக்கு வேண்டுமா, ஒரு நாளில் எத்தனை மணி நேரம், எந்த நேரத்திற்குள் என்பதையெல்லாம் பெரியவர் என்ற பொறுப்பில் இருக்கும் நீங்கள் வரையறுக்கலாம். அவன் ஒரு கேமை வாங்க விரும்பிக் கோரிக்கை அனுப்பினால் நீங்கள் ஒப்புதல் தந்து பணம் செலுத்த முடியும். நீங்கள் ஒரு கேமைப் பிரைவேட் என்று குறித்தால் அது குடும்பப் பகிர்விலிருந்தும் விலகிவிடும். மகனுக்கு மட்டுமன்றி மகளுக்கும் கிடைக்காது. ஆகவே மகனை மட்டும் தடுப்பதற்குப் பிரைவேட் குறியீடு தக்க கருவி அன்று, அவன் கணக்கின் அனுமதிப் பட்டியலே தக்கது.

சேர்வதற்கு முன் இரண்டு நிபந்தனைகளைப் பிள்ளைகளிடம் சொல்லிவிடுங்கள். உங்கள் பிரதியை ஆடும்போது மகன் ஏமாற்று மென்பொருள் பயன்படுத்தித் தடைசெய்யப்பட்டால், அந்த கேமில் நீங்களும் தடைசெய்யப்படுவீர்கள். மேலும், குடும்பத்திலிருந்து ஒருவர் விலகினால், சேர்ந்த நாளிலிருந்து ஓராண்டு ஆகும்வரை அவர் வேறு குடும்பத்தில் சேர முடியாது. அவர் விட்டுச்சென்ற இடமும் ஓராண்டுக் காத்திருப்புக்கு உட்பட்டது. விடுதி அறைத் தோழிகளோடு ஒரு குடும்பம் அமைத்துப் பார்க்கலாம் என்று மகள் நினைத்தால், அதற்கு முன்பு இதை அவர் அறிந்திருக்க வேண்டும்.

ஒன்பதாம் வகுப்பு மாணவனின் ஆட்ட நேர அறிக்கையை நீங்கள் பார்க்க முடியும் என்பதை அவனுக்கு மறைக்காமல் சொல்லிவிட்டுப் பார்ப்பதே நல்லது என்பது என் கருத்து.

கேள்வி: வீட்டில் யாருக்கும் தெரியாமல் ஒரு கேம் வாங்க வழி உண்டா? தவறான நோக்கம் இல்லை. வீட்டுக் கணினி பொதுவானது.

பதில்: வாங்கும்போதே ஷாப்பிங் கார்ட்டில் ‘உங்கள் கணக்குக்கு’, ‘உங்கள் கணக்குக்கு, பிரைவேட்டாக’, ‘பரிசாக’ என்ற பொருளில் மூன்று தேர்வுகள் இருக்கும். இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தால் நண்பர்களுக்குச் செய்தி போவதற்கு முன்பே கேம் மறைவாக வந்து சேரும். ஆனால் ரசீது மின்னஞ்சலுக்கு வரும், கணக்கின் வாங்கல் வரலாற்றில் நிலையாக இருக்கும். வங்கி அறிக்கையில் பொதுவாகக் கேமின் பெயர் வருவதில்லை, ஸ்டீம் என்பதும் தொகையும் வரும். பொதுக் கணினியைப் பொறுத்தவரை ஸ்டீமின் பிரைவேட் குறியீடு பயன்படாது, ஏனென்றால் உங்கள் கணக்கு திறந்திருக்கும்போது எதிரில் உட்காருபவர் யாராயினும் நிரலின் கண்ணுக்கு அவர் நீங்கள்தான். விண்டோஸில் தனிப் பயனர் கணக்கு வைத்துக்கொண்டு, எழுந்திருக்கும்போது ஸ்டீமிலிருந்தும் வெளியேறுவதே வழி. டெஸ்க்டாப்பில் குறுக்குவழிச் சின்னம் உருவாக்கும் பெட்டியின் குறியையும் நீக்கிவிடுங்கள். பலர் அதில்தான் அகப்படுகிறார்கள்.

கேள்வி: ஸ்டீம், எபிக், ஜிஓஜி ஆகிய மூன்று கேம் கடைகளிலும் சேர்த்து நானூறு கேம்கள் ஆகிவிட்டன. எபிக்கில் இலவசமாக வந்த கேமையே மறந்துபோய் ஸ்டீமில் பணம் கொடுத்து வாங்கியும்விட்டேன். எப்படி ஒழுங்குபடுத்துவது?

பதில்: முதலில் அந்தப் பணத்தைக் கேட்டுப் பெறுங்கள். வாங்கி 14 நாட்களுக்குள், ஆடிய நேரம் இரண்டு மணிக்குள் இருந்தால், காரணம் எதுவாயினும் ஸ்டீம் திருப்பித் தருகிறது. தவறுதலாக வாங்கியதாகச் சொல்வதும் ஏற்கப்படும் காரணமே.

அடுக்குவதில் பெரும்பாலோர் செய்வது, ஆக்‌ஷன், ரேஸிங், பசில் என்று வகைவாரியாகக் கலெக்‌ஷன்கள் அமைப்பது. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. ஸ்டோரில் உள்ள டேக்குகளை (வகைக் குறிச்சொற்களை) பயனர்களே சேர்ப்பதால் ஒரே கேம் எட்டு வகைகளில் தோன்றும். அதோடு, மாலையில் அரை மணி நேரம் ஓய்வு கிடைத்தவர் ‘எனக்கு இன்று எந்த வகை வேண்டும்’ என்று கேட்டுக்கொள்வதைவிட ‘பாதியில் விட்டது எது’ என்றே கேட்டுக்கொள்கிறார். எனவே ‘இப்போது ஆடுவது’, ‘அடுத்தது’, ‘முடித்தது’, ‘விருந்தினர் வந்தால்’ என்று பயன்பாட்டை ஒட்டிய நான்கைந்து கலெக்‌ஷன்களே போதும். முதலாவதில் மூன்று கேம்களுக்கு மேல் வைக்க வேண்டாம். எஞ்சியவற்றை 2019 அக்டோபரில் வந்த புதிய லைப்ரரியின் டைனமிக் கலெக்‌ஷனுக்கு விட்டுவிடலாம். இதுவரை ஆடாதவை, ஒருவர் மட்டும் ஆடுபவை, கன்ட்ரோலரில் ஆடத்தக்கவை என்று வடிகட்டிகளைச் சேர்த்துச் சேமித்தால், பின்னால் வாங்குபவையும் தாமாகவே அந்தப் பட்டியலுக்குள் வந்துவிடும். நாட்கணக்கில் விட்டுவிட்டு ஆடுபவர்கள், எங்கே நிறுத்தினோம் என்பதை கேம் வாரியாக எழுதிவைக்க ஸ்டீமிலேயே ‘நோட்ஸ்’ இருக்கிறது. முடித்தவற்றையும் இனி தொடமாட்டாதவற்றையும் ‘ஹைட்’ செய்யுங்கள். அந்த வசதி பிறந்தது இதற்காகத்தான்.

மூன்று கடைகளையும் ஒரே திரையில் காண ஜிஓஜி கேலக்ஸி, பிளேநைட் என்ற இரண்டு இலவச நிரல்கள் உள்ளன. பிளேநைட் திறந்த மூல நிரல் என்பதாலும், சேர்த்த பட்டியலை உங்கள் கணினியிலேயே வைத்திருப்பதாலும் எனக்கு அது ஒரு படி மேல். எதையும் வாங்குவதற்கு முன் அதில் பெயரைத் தட்டிப் பார்ப்பதை வழக்கமாக்கினால் இரட்டை வாங்கல் நின்றுவிடும். இத்தகைய நிரல்களும் தளங்களும் சில சமயம் ஸ்டீமின் ‘ஏபிஐ கீ’யை, அதாவது வேறு நிரல்கள் உங்கள் கணக்கின் தரவை அணுக உதவும் சாவியைக் கேட்கும். அந்தச் சாவியைப் போலித் தளங்கள் கைப்பற்றி, ஸ்டீமில் நடக்கும் கேம் பொருட்களின் பரிமாற்றங்களில் ஏமாற்றிய மோசடிகள் பல. நீங்கள் உருவாக்காத சாவி ஒன்று உங்கள் கணக்கில் இருந்தால் உடனே ரத்துசெய்து, கடவுச்சொல்லையும் மாற்றுங்கள்.

டிஸ்கில் இடமில்லாமல் கேமை அன்இன்ஸ்டால் செய்வதால் உரிமை போவதில்லை. ஆனால் ஆட்ட நிலையை இணையத்தில் சேமிக்கும் ஸ்டீம் கிளவுட் ஆதரவு இல்லாத கேமின் சேவ், கணினியில் மட்டுமே இருக்கும் என்பதால் அதை முன்கூட்டியே நகலெடுத்துக்கொள்ளுங்கள். கணக்கிலிருந்தே நீக்குவது ஸ்டீம் சப்போர்ட் வழியாகச் செய்யும் வேறு வேலை. அப்படி நீக்கிய கேமை மீண்டும் ஆட, மறுபடி வாங்க வேண்டும் என்று அங்கேயே எச்சரிக்கப்படுகிறது. பட்டியலைச் சுத்தம் செய்யும் வேகத்தில் அதைத் தொடாதீர்கள்.

கேள்வி: பிளேஸ்டேஷன் 5, நின்டெண்டோ ஸ்விட்ச் இரண்டிலும் இத்தகைய வசதிகள் உண்டா?

பதில்: உண்டு. பிளேஸ்டேஷனில் பிரைவசி அமைப்புக்குள் குறிப்பிட்ட கேம்களை மற்றவர்களிடமிருந்து மறைக்கலாம். 2022 செப்டம்பர் முதல் கேம்லிஸ்ட் எனப்படும் பட்டியல்களும் அமைக்கலாம். ஸ்விட்ச்சில் 2022ஆம் ஆண்டுப் புதுப்பிப்பிற்குப் பிறகு குழுக்கள் உள்ளன, ஆனால் 13 கேம்களுக்குக் குறைவாக இருந்தால் அந்த வசதி தென்படாது.

கேள்வி: ஆடி முடித்த கேம்களைத் தம்பிக்கு எழுதிக்கொடுக்கவோ விற்கவோ முடியுமா? பணம் கொடுத்து வாங்கியது என்னுடையதுதானே?

பதில்: ஸ்டீம் ஒப்பந்தத்தின்படி முடியாது. நீங்கள் வாங்குவது பயன்படுத்தும் உரிமம். கணக்கையும் பிறருக்கு மாற்றித்தர இயலாது. பிரான்ஸில் ஒரு நுகர்வோர் அமைப்பு தொடுத்த வழக்கில், டிஜிட்டல் கேமை மறுவிற்பனை செய்யலாம் என்று பாரிஸ் நீதிமன்றம் 2019இல் தீர்ப்பளித்தது. 2022இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை மாற்றிவிட்டது. கலிபோர்னியாவில் 2025 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த ஏபி 2426 என்ற சட்டம், உரிமத்தை விற்பவர்கள் அதை வாங்குபவருக்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்று கட்டாயப்படுத்துகிறது. ஸ்டீமின் கட்டணப் பக்கத்தில் 2024 அக்டோபர் முதல் தென்படும் சிறு குறிப்பு அதையொட்டி வந்ததே.

உங்கள் தம்பி அதே வீட்டில் இருந்தால் ஃபேமிலிஸ் வழியாகப் பகிருங்கள். கையில் வைத்துக்கொள்ளும் பிரதிதான் வேண்டும் என்றால், இனி வாங்குபவற்றை ஜிஓஜியில் வாங்கி, அதன் ஆஃப்லைன் இன்ஸ்டாலர் கோப்புகளை வெளி டிஸ்கில் சேமித்துக்கொள்ளலாம். அங்கும் நீங்கள் பெறுவது உரிமம்தான், ஆயினும் அந்தக் கோப்பு இயங்குவதற்கு எந்த சர்வரின் அனுமதியும் தேவையில்லை.