அம்மா இறக்கும் கதையைத்தான் தினமும் கேட்கிறாள்

வணக்கம்.

என் மகளுக்கு ஏழு வயது. என் மனைவி மார்பகப் புற்றுநோய்க்குச் சிகிச்சை எடுத்துவருகிறார். கீமோதெரபியால் முடி கொட்டிவிட்டது, பாதி நாள் படுக்கையில்தான் இருக்கிறார். டாக்டர்கள் நம்பிக்கையாகவே பேசுகிறார்கள். மகளிடம் "அம்மாவுக்கு உடம்பு சரியில்லை, மருந்து சாப்பிட்டால் சரியாகிவிடும்" என்று மட்டும் சொல்லியிருக்கிறோம்.

பள்ளி நூலகத்திலிருந்து அவளே ஒரு படக்கதைப் புத்தகம் எடுத்துவந்தாள். கரடிக்குட்டி ஒன்றின் அம்மா நோய் வந்து இறந்துவிடுகிறது. குட்டி அழுகிறது, கோபப்படுகிறது, பிறகு சித்தியோடு வாழப் பழகுகிறது. தினமும் இரவு அதையே வாசிக்கச் சொல்கிறாள். அம்மா கரடி குகைக்குள் படுத்திருக்கும் பக்கம் வந்தால் படத்தைக் கையால் மூடிக்கொள்வாள். கொஞ்ச நேரம் கழித்து, "ம், படிங்கப்பா" என்பாள். அவள் அழுவதில்லை. எனக்குத்தான் தொண்டை அடைத்துக்கொள்கிறது.

"வீட்டில் நோயாளியை வைத்துக்கொண்டு சாவுக் கதையா? முதலில் அதைத் திருப்பிக் கொடுங்கள் மாப்பிள்ளை" என்கிறார் என் மாமியார். மனைவிக்கு இந்தப் புத்தகம் பற்றி இன்னும் தெரியாது. போன வாரம் எனக்குச் சளி பிடித்தபோது, "உங்களுக்கும் உடம்பு சரியில்லையாப்பா?" என்று கேட்டுவிட்டு வெகுநேரம் தூங்காமல் கிடந்தாள்.

புத்தகத்தை எடுத்துவிடலாமா? இந்த மாதிரி நேரத்தில் குழந்தைக்கு என்ன புத்தகம் கொடுப்பது?

– ஒரு தந்தை

*

அன்புள்ள தந்தைக்கு,

புத்தகத்தை எடுக்காதீர்கள். உங்கள் மகளின் மனதில் இருக்கும் பயத்தை அந்தப் புத்தகம் கொண்டுவரவில்லை. பயம் ஏற்கெனவே இருந்தது. அதைப் பற்றிப் பேசும் புத்தகத்தை அவளே அலமாரியிலிருந்து தேடி எடுத்திருக்கிறாள். இப்போது அதை ஒளித்துவைத்தால், 'இதைப் பற்றி இந்த வீட்டில் பேசக் கூடாது' என்றுதான் அவள் புரிந்துகொள்வாள். பயம் அப்படியே இருக்கும், அதைச் சொல்ல ஆள் மட்டும் இருக்காது.

படத்தைக் கையால் மூடுகிறாள் என்று எழுதியிருக்கிறீர்கள். அது எனக்கு நம்பிக்கை தருகிறது. வீட்டில் நடக்கும் எதுவும் அவள் கையில் இல்லை. அம்மாவின் முடி, ஊசி, ஆஸ்பத்திரி நாட்கள் எல்லாம் அவளைக் கேட்காமல் நடக்கின்றன. அந்தப் பக்கத்தில் மட்டும் எப்போது நிறுத்துவது, எப்போது தொடர்வது என்பதை அவள் முடிவு செய்கிறாள். ஒரே கதையைக் குழந்தைகள் திரும்பத் திரும்பக் கேட்பதற்கு இது ஒரு முக்கியமான காரணம்: அடுத்து என்ன வரும் என்று தெரிந்த இடத்தில் பயப்பட்டுப் பார்க்கிறார்கள். கதை வாசிப்பு மனதை எப்படி ஆற்றுகிறது என்று 1949-ல் ஆராய்ந்த கரோலின் ஷ்ரோட்ஸ் மூன்று கட்டங்களைச் சொன்னார். முதலில் வாசகர் கதாபாத்திரத்தில் தன்னைப் பார்க்கிறார், பிறகு அடக்கிவைத்த உணர்ச்சி வெளியே வருகிறது, அப்புறம்தான் தன் நிலை குறித்த தெளிவு. உங்கள் மகள் முதல் கட்டத்துக்கு வந்துவிட்டாள். அடுத்ததற்கு நீங்கள் வேண்டும்.

ஏனென்றால் புத்தகத்தால் செய்ய முடியாத ஒன்று இருக்கிறது. அம்மாவுக்கு என்ன நோய் என்று அது சொல்லாது. உங்கள் சளியைப் பார்த்து அவள் தூங்காமல் கிடந்ததற்குக் காரணம் இதுதான். 'உடம்பு சரியில்லை' என்றால் சளியும் அதுதான், புற்றுநோயும் அதுதான். 1983-ல் அமெரிக்காவின் 'செசமி ஸ்ட்ரீட்' குழந்தைகள் நிகழ்ச்சிக் குழு இதே சிக்கலைச் சந்தித்தது. அதில் கடைக்காரராக நடித்தவர் 1982 இறுதியில் இறந்துபோயிருந்தார். கதையில் அவர் ஊருக்குப் போய்விட்டார் என்று சமாளிக்காமல், இறந்துவிட்டார் என்றே சொல்வதென முடிவெடுத்தார்கள். ஆனால் நோயால் இறந்தார் என்று சொல்வதைத் தவிர்த்தார்கள். காய்ச்சல் வந்தாலே செத்துவிடுவோம் என்று குழந்தைகள் நினைத்துவிடக் கூடாதே என்ற கவலை.

அதனால் நோயின் பெயரைச் சொல்லுங்கள். முடிந்தால் அம்மாவே சொல்லட்டும், நீங்கள் பக்கத்தில் இருங்கள். "அம்மாவுக்கு வந்திருப்பது புற்றுநோய். சளி மாதிரி இல்லை, யாருக்கும் ஒட்டாது. மருந்தால்தான் முடி கொட்டியது, திரும்ப வளரும்." இவ்வளவு போதும். இன்னொன்றை அவள் கேட்காவிட்டாலும் சொல்லிவிடுங்கள்: அவள் அடம்பிடித்ததாலோ கோபத்தில் ஏதாவது நினைத்ததாலோ இது வரவில்லை. இந்த வயதுக் குழந்தைகள் பலர் தங்களால்தான் இப்படி ஆனது என்று நினைத்துக்கொண்டு, ஒருவரிடமும் சொல்லாமல் சுமக்கிறார்கள்.

"அம்மா கரடி மாதிரி நம்ம அம்மாவும் செத்துப்போவாங்களா?" என்ற கேள்வி வரும். "சேச்சே, அப்படியெல்லாம் பேசக் கூடாது" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். நடக்கவே நடக்காது என்று வாக்குக் கொடுக்கவும் வேண்டாம். "அது கரடியோட கதை. நம்ம அம்மாவுக்கு டாக்டருங்க நல்ல மருந்து கொடுக்கிறாங்க, குணமாகும்னு எதிர்பார்க்கிறோம். ஏதாவது மாறினா உன்கிட்ட மறைக்காம சொல்வேன். உன்னைப் பார்த்துக்க எப்பவும் ஆள் இருப்பாங்க" என்று சொல்லலாம். கடைசி வாக்கியத்தை விட்டுவிடாதீர்கள். கதையில் சித்தி வரும் பகுதியை அவள் எப்படிக் கேட்கிறாள் என்று கவனித்துப் பாருங்கள்.

வாசிக்கும்போது "நீயும் இப்படித்தான் பயப்படுறியா?" என்று கேட்டால் வாயை மூடிக்கொள்வாள். "குட்டிக்கு இப்போ என்ன தோணுது?" என்று கேளுங்கள். கரடிக்குட்டியின் பெயரில் பேசுவது அவளுக்குச் சுலபம். பதில் வராவிட்டால் அடுத்த பக்கம் போங்கள். உங்களுக்குத் தொண்டை அடைத்தால் மறைக்கத் தேவையில்லை. "எனக்கும் இந்த இடம் கஷ்டமா இருக்கும்மா" என்று சொன்னால் போதும்.

வேறு புத்தகங்கள் கேட்டிருக்கிறீர்கள். எதுவானாலும் நீங்கள் முதலில் தனியாக வாசித்துவிடுங்கள். பயந்த குழந்தை தானே ஏதாவது செய்து பார்க்கும் கதை நல்லது. யாரிடமாவது கேட்பது, ஒரு படம் வரைவது, இருட்டில் விளக்கைத் தேடுவது எதுவாகவும் இருக்கலாம். ஒரே பக்கத்தில் பயம் மாயமாகப் பறந்துபோகும் கதைகளை நான் கொடுக்க மாட்டேன். தைரியமாக இரு, அழாதே என்று பாடம் எடுப்பவை அவற்றைவிட மோசம். அழுகை வரும் குழந்தை அதைப் படித்துவிட்டுத் தன்னைக் குறைவாக நினைத்துக்கொள்ளும். அம்மா நோயிலிருந்து மீளும் கதை கிடைத்தால் கரடிக்குட்டியின் பக்கத்தில் அதையும் வையுங்கள், எதை எடுப்பது என்பது அவள் விருப்பம். வெறுமனே சிரிக்கவைக்கும் புத்தகங்களும் இருக்கட்டும். படிப்பதெல்லாம் மருந்தாகிவிட்டால் அவளுக்கும் சலித்துவிடும்.

மனைவியிடம் இந்தப் புத்தகம் பற்றி இந்த வாரமே சொல்லுங்கள். அவருக்கு வலிக்கும் என்று நீங்கள் மறைப்பது புரிகிறது. ஆனால் தன் மகள் என்ன யோசிக்கிறாள் என்பதை அறிய அவருக்கு உரிமை இருக்கிறது, அவரும் சேர்ந்து வாசிக்க விரும்பலாம். மாமியாரின் கோபத்துக்குள் இருப்பது மகளைப் பற்றிய பயம். பேத்திக்கு என்ன சொல்லப்போகிறீர்கள் என்பதை அவரிடம் முன்கூட்டியே சொல்லிவையுங்கள். ஆளுக்கொரு கதை சொன்னால் குழந்தை குழம்பும்.

தூக்கமின்மை வாரக்கணக்கில் நீடித்தாலோ, சாப்பாடு குறைந்தாலோ, பள்ளிக்குப் போக மறுத்தாலோ, விட்டுப்போன படுக்கை நனைக்கும் பழக்கம் திரும்பினாலோ, புத்தகத்தை மட்டும் நம்பியிராமல் குழந்தைகள் மனநல ஆலோசகரை நேரில் பாருங்கள். சிகிச்சை நடக்கும் மருத்துவமனையிலேயே விசாரித்தால் வழி சொல்வார்கள். வகுப்பு ஆசிரியருக்கும் வீட்டு நிலைமை தெரிந்திருக்கட்டும்.

அன்புடன்,
ஆலோசகர்