நோயும் மாற்றல் உத்தரவும்: மத்தியப் படையினருக்கான கேள்வி பதில்

சி.ஆர்.பி.எஃப். வீரர்: முதுகில் டிஸ்க் விலகல். சத்தீஸ்கருக்கு மாற்றிவிட்டார்கள். ஓய்வு தேவை என்று தனியார் மருத்துவர் எழுதித் தந்திருக்கிறார். ஸ்டே கிடைக்குமா?

அந்தச் சான்றிதழை மட்டும் நம்பிப் போனால் கிடைப்பது கடினம். நீதிபதி தேடுவது உங்கள் மெடிக்கல் கேட்டகரியை, அதாவது படை மருத்துவர்கள் உங்களுக்குத் தந்த உடல்தகுதி வகையை. ஆவணத்தில் இன்னும் ஷேப்-1 என்ற உயர்ந்த வகை இருந்தால், படையின் கணக்கில் நீங்கள் முழுத் தகுதியுள்ளவர். ஆகவே யூனிட் மருத்துவ அதிகாரி வழியாக முதலில் மெடிக்கல் போர்டு (மருத்துவக் குழுவின் பரிசோதனை) கேளுங்கள். எம்.ஆர்.ஐ., டிஸ்சார்ஜ் சம்மரி எல்லாவற்றையும் அங்கே வையுங்கள். கேட்டகரி குறைந்த பிறகு, எந்த வேலை உங்களால் முடியாது, எந்தச் சிகிச்சை புது இடத்தில் கிடைக்காது என்று குறிப்பாக எழுதி மனு கொடுங்கள். "குடும்பச் சூழ்நிலை" என்று பொதுவாக எழுதினால் ஒரே வரியில் தள்ளிவிடுவார்கள்.

மாற்றல் உத்தரவு ரத்தாவது அபூர்வம். மனுவைப் பரிசீலித்துக் காரணத்துடன் முடிவெடுக்கச் சொல்லும் உத்தரவுதான் பெரும்பாலும் வரும். போர்டு அறிக்கை கையில் இருந்தால் அதுவே பெரிய பலம்.

ஒரு எச்சரிக்கை. ரிலீவ் ஆன பிறகு, ஸ்டேயும் இல்லாமல் அனுமதித்த விடுப்பும் இல்லாமல் வீட்டில் இருக்காதீர்கள். மனு நிலுவையில் இருப்பது ஜாயின் செய்யாததற்குக் காரணமாகாது என்று 1989இல் குஜராத் மின்வாரிய வழக்கிலேயே சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது.

ராணுவ ஹவில்தார்: ஆயுதப்படைத் தீர்ப்பாயத்தில் வழக்குப் போடலாமா?

முடியாது. 2007ஆம் ஆண்டுச் சட்டம் மாற்றலையும் போஸ்டிங்கையும் தீர்ப்பாயத்தின் வரம்பிலிருந்து விலக்கிவிட்டது. அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் ஹைகோர்ட்தான். அங்கும் ராணுவ மாற்றலில் தலையிட இடம் இன்னும் குறைவு என்பது மேஜர் ஜெனரல் பன்சால் வழக்கின் (2005) தீர்ப்பு.

சி.ஐ.எஸ்.எஃப்.: மகனுக்கு ஆட்டிசம். மாற்றலிலிருந்து விலக்கு உண்டா?

பணியாளர் துறையின் 2014, 2018 சுற்றறிக்கைகள் உங்களைப் போன்ற பராமரிப்பாளர்களுக்காகவே வந்தவை. மாற்றுத்திறன் சான்றிதழோடு அவற்றையும் மனுவில் சேருங்கள். "நிர்வாகத் தேவைக்கு உட்பட்டு" என்ற நிபந்தனை அவற்றில் உண்டு. அதனால் முழு விலக்கு என்று நம்பிவிட வேண்டாம்.

இன்னொரு வாசகர்: இது தவறு. 2016 மாற்றுத்திறனாளிகள் சட்டத்துக்குப் பிறகு இது உரிமை. 1993 அப்பாஸ் தீர்ப்பையே எத்தனை நாள் பிடித்துக்கொண்டிருப்பீர்கள்?

அந்த வழக்கின் அப்பாஸும் முதுகெலும்புக் காயத்தைச் சொன்ன மத்திய அரசு ஊழியர்தான். ஷில்லாங்கிலிருந்து பௌரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கு ஷில்லாங்கில் வேலை, பிள்ளைகளுக்குப் படிப்பு. அப்படியிருந்தும், வழிகாட்டு நெறிகள் நீதிமன்றத்தில் வலியுறுத்தக்கூடிய உரிமை ஆகாது என்றது சுப்ரீம் கோர்ட். எனக்கும் அது வலிக்கிற தீர்ப்புதான். ஆனால் அதே தீர்ப்பு, மனு வந்தால் அதிகாரி பரிசீலிக்க வேண்டும் என்றும் சொல்கிறது. 2016 சட்டத்தின் 20(5) பிரிவு மாற்றல் கொள்கை வகுக்க"லாம்" என்றுதான் பேசுகிறது, அதுவும் மாற்றுத்திறனாளி ஊழியர்களுக்கு. நவ்ஷாத் ரஹமான் வழக்கில் (2022) காற்று கொஞ்சம் மாறியது உண்மை. குடும்ப வாழ்வையும் ஊனத்தையும் கணக்கில் எடுத்துக் கொள்கையை மறுபரிசீலனை செய்யச் சொன்னார்கள். ஆனால் அங்கும் ஊழியர்கள் எதிர்த்த மாற்றல் சுற்றறிக்கை ரத்தாகவில்லை. உரிமை என்று சொல்லி ஒருவரை ஜாயின் செய்யாமல் இருக்க வைத்தால் வேலை போவது அவருக்கு. அதனால்தான் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன்.

எல்லைப் பாதுகாப்புப் படை: வழக்குப் போட்டிருக்கிறேன். தீர்ப்பு வரும்வரை போகாமல் இருக்கலாமா?

மேலே சொன்னதுதான். கூடாது.

மனச்சோர்வுக்கு மருந்து சாப்பிடுகிறேன். சொன்னால் வேலை போய்விடுமோ?

சொல்லுங்கள், தம்பி. மறைத்தால் சட்டம் உங்களைக் காப்பாற்ற வழியே இருக்காது. ரவீந்தர் குமார் தாரிவால் வழக்கு (2021) சி.ஆர்.பி.எஃப். அதிகாரி ஒருவருடையது. மனநோயோடு தொடர்புள்ள நடத்தைக்காக எடுத்த ஒழுங்கு நடவடிக்கையைப் பாகுபாடு என்று சுப்ரீம் கோர்ட் ரத்து செய்தது. இருக்கும் பணிக்குத் தகுதியில்லை என்றால் சம்பளம் குறையாமல், துப்பாக்கி தொடாத வேறு பணி தரலாம் என்றும் சொன்னது. சிகிச்சையை விடாதீர்கள்.

சார், மெடிக்கல் லீவ் லெட்டர் அனுப்பிவிட்டு ஊரிலேயே இருக்கிறேன், பரவாயில்லையா?

மறுபடியும் இதே கேள்வி! லெட்டர் அனுப்புவது வேறு, விடுப்பு அனுமதியாவது வேறு. எழுத்தில் அனுமதி வரவில்லை என்றால் இன்றே யூனிட்டுக்குப் பேசுங்கள். நடமாட முடியாத நிலை என்றால் அருகிலுள்ள படை மருத்துவமனையிலோ அரசு மருத்துவமனையிலோ சேர்ந்து, அந்தச் சேர்க்கைச் சீட்டை அனுப்புங்கள்.

தமிழ்நாடு போலீஸ் ஏட்டு: எனக்கும் இதுதானா?

மாநிலக் காவல்துறை விதிகள் தனி. மதுரைக் கிளையில் போலீஸ் சர்வீஸ் வழக்குகள் நடத்தும் ஒருவரைப் பாருங்கள்.