குருவின் கடையா, சொந்தக் கடையா?

கேள்வி: அமெரிக்க நவீன நடனக் கலைஞர் ஜூடித் ஜேமிசன் 2024 நவம்பரில் இறந்தபோது, 'ஆல்வின் எய்லியின் மரபைக் காத்தவர்' என்றே அஞ்சலி எழுதினார்கள். அவ்வளவு பெரிய ஆட்டக்காரர் 21 வருஷம் குருவின் கடையைப் பார்த்துக்கொண்டது வீண்தானே?
— வாசகர், திருச்சி

பதில்: சொந்தக் கடை வைத்துப் பார்த்துவிட்டுத்தான் அவர் அங்கே திரும்பிப் போனார். 1965-இல் நடன அமைப்பாளர் எய்லியின் நடனக் குழுவில் சேர்ந்தவர், 1980-இல் விலகி நியூயார்க்கின் பிராட்வே நாடக மேடையில் ஆடினார். 1988-இல் 'ஜேமிசன் புராஜெக்ட்' என்று தன் பெயரிலேயே குழு தொடங்கினார். மறு வருஷமே எய்லி படுக்கையில் விழுந்தார்; குழுவை ஏற்கச் சொன்னார். டிசம்பர் 1-ஆம் தேதி காலமானார். அப்போது ஜேமிசனுக்கு வயது 46. யாரும் கையைப் பிடித்து இழுத்து உட்கார வைக்கவில்லை.

அப்புறம், எதைக் காத்தார் என்று பாருங்கள். 1971-இல் தன் அம்மாவுக்குப் பிறந்தநாள் பரிசாக எய்லி அமைத்த 'க்ரை' என்ற தனி ஆட்டம், ஜேமிசனின் ஐந்தடி பத்து அங்குல உயரத்துக்கும் நீண்ட கைகளுக்கும் அளவெடுத்துத் தைத்த சட்டை. சுமார் 16 நிமிஷம். கையில் ஒரு நீளமான வெள்ளைத் துணி. அதைத் தரையில் போட்டு, மண்டியிட்டுத் தேய்ப்பார், வீட்டுவேலைக்காரி. அதே துணியைத் தலையில் சுற்றிக்கொண்டு எழுந்தால் மகாராணி. இப்படி ஓர் ஆட்டம் கைக்கு வந்தால், நம் ஊரில் பல பேர் அதைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிடுவார்கள். ஜேமிசன் அதை அடுத்தடுத்த தலைமுறைப் பெண்களுக்குச் சொல்லிக்கொடுத்தார். வீடியோவில் கால் எங்கே போகிறது என்பது தெரியும்; உடம்பின் பாரம் எந்தக் கணத்தில் எங்கே இறங்குகிறது என்பதைப் பக்கத்தில் நின்று ஒருவர் சொன்னால்தான் உண்டு.

வாரிசுக் கதை எல்லா இடத்திலும் இப்படி நல்லபடியாக முடிவதில்லை. இன்னொரு அமெரிக்க நவீன நடன மேதை மார்த்தா கிரஹாம் இறந்து பத்து வருஷம் கழித்து, அவருடைய ஆட்டங்கள் யாருக்குச் சொந்தம் என்று நீதிமன்றத்தில் அடித்துக்கொண்டார்கள். அதே துறையின் மெர்ஸ் கன்னிங்ஹாம் சூதானமான ஆள். தன் காலத்துக்குப் பிறகு இரண்டு வருஷம் ஊர் ஊராக ஆடிவிட்டுக் குழுவைக் கலைத்துவிடும்படி ஏற்பாடு செய்துவிட்டுப் போனார். 2011 டிசம்பர் 31-ஆம் தேதி கடைசி ஆட்டம். அதுவும் ஒரு கௌரவமான வழிதான்.

ஜேமிசன் பிடித்தது வேறு வழி. எய்லியின் புகழ்பெற்ற ஆட்டமான 'ரெவலேஷன்ஸ்' தொடர்ந்து மேடையேறியது. கூடவே மற்றவர்களின் புதுப் படைப்புகளும் வந்தன. பணம் திரட்டி, 2004-இல் நியூயார்க்கின் மன்ஹாட்டனில் குழுவைச் சொந்தக் கட்டடத்தில் குடியேற்றினார். நாடோடியாக வாடகை ஒத்திகைக் கூடங்களில் அலைந்த குழுவுக்கு இது சின்ன விஷயமில்லை.

சரி, உங்கள் பக்கத்திலும் கொஞ்சம் நியாயம் இருக்கிறது. ஜேமிசன் தானே அமைத்த ஆட்டங்கள் 'க்ரை' அளவுக்கு நிற்கவில்லை. குழுவைச் சுமக்காமல் இருந்திருந்தால் நின்றிருக்குமா? எனக்குச் சந்தேகம்தான்.

ஆனால் 'கடை' என்றீர்களே, அங்கேதான் எனக்கு உதைக்கிறது. அந்த எய்லியே 1953-இல் தன் ஆசான் லெஸ்டர் ஹார்ட்டன் திடீரென்று இறந்ததும், 22 வயதில் அவருடைய குழுவுக்கு ஆட்டம் அமைக்க எழுந்து நின்றவர். கடை என்றால் பிள்ளைக்கோ பெட்டியடியில் பழகியவருக்கோதான் சாவி போகும். ஜேமிசன் 2011-இல் விலகியபோது பொறுப்பைக் கொடுத்தது ராபர்ட் பேட்டிலிடம். அவர் அந்தக் குழுவில் ஒரு நாளும் ஆட்டக்காரராக இருந்தவரில்லை.