உல்ரிஷ் மூஹே: அந்த ஒரு படத்துக்கு முன்னால்

கேள்வி: ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ என்ற ஜெர்மானியப் படத்தில், பரணில் உட்கார்ந்து ஒரு நாடகாசிரியரின் வீட்டை ஒட்டுக்கேட்கும் உளவுத்துறை அதிகாரியாக நடித்தவர் யார்? அதற்கு முன்பும் பின்பும் அவரை எங்கும் பார்த்ததாக நினைவில்லையே?

பதில்: அவர் பெயர் உல்ரிஷ் மூஹே. நாம் பார்க்கவில்லையே தவிர, ஜெர்மானியர்களுக்கு அவர் வீட்டு வரவேற்பறையில் பழகிய முகம். 1998 முதல் 2007 வரை ஸெட்.டி.எஃப். தொலைக்காட்சியில் வந்த ஒரு துப்பறியும் தொடரில், பிரேதப் பரிசோதனை செய்து கொலைகளின் மர்மத்தை அவிழ்க்கும் டாக்டர் கோல்மார் அவர்தான். ‘கடைசிச் சாட்சி’ என்பது அத்தொடரின் பெயர். சாட்சி, மேசையில் கிடத்தப்பட்டிருக்கும் பிணம்.

1953இல் கிழக்கு ஜெர்மனியின் கிரிம்மா என்ற சிற்றூரில் பிறந்த மூஹே, கட்டடத் தொழில் கற்று, கட்டாய இராணுவச் சேவையின்போது பெர்லின் சுவரில் காவல் நின்று, வயிற்றுப்புண்ணால் விடுவிக்கப்பட்ட பிறகே லைப்ஸிக் நாடகக் கல்லூரியில் சேர்ந்தார். நாடகாசிரியர் ஹைனர் முல்லர் அவரைப் பெர்லின் மேடைக்கு அழைத்து வந்தார். 1989 நவம்பர் 4 அன்று கிழக்கு பெர்லினின் அலெக்ஸாண்டர் சதுக்கத்தில், கிழக்கு ஜெர்மன் அரசுக்கு எதிராக லட்சக்கணக்கானோர் திரண்ட கூட்டத்தில் பேசியவர்களில் மூஹேயும் ஒருவர். சுவர் திறந்து சில மாதங்களில், 1990இல், முல்லரின் இயக்கத்தில் ஏறத்தாழ எட்டு மணி நேரம் நீண்ட ‘ஹாம்லெட்’ நாடகத்தின் நாயகனாக நின்றார். ஒட்டுக்கேட்கும் அரசின் கீழ் வாழ்ந்த ஒருவர் ஒட்டுக்கேட்பவனாக நடித்தார் என்பது பலரும் சொல்லும் செய்தி. அதைவிட, இந்த நீண்ட மேடைப் பயிற்சிதான் அந்த நடிப்புக்கு அடித்தளம் என்பது என் கருத்து.

மின்தூக்கிக் காட்சியை மறுபடி பாருங்கள். கையில் பந்தோடு உள்ளே வரும் சிறுவன், ‘நீங்கள் உண்மையிலேயே உளவுத்துறையா? அவர்கள் ஆட்களைச் சிறையில் போடும் கெட்டவர்கள் என்று அப்பா சொன்னார்’ என்கிறான். பெயரைக் கேட்டுக் குறித்துக்கொள்ளும் பழக்கம் அதிகாரியின் நாவில் வந்துவிடுகிறது, ‘உன்...’ என்று தொடங்கியவர், தகப்பன் பெயரைக் கேட்காமல், ‘உன் பந்துக்கு என்ன பெயர்?’ என்று முடிக்கிறார். முகத்தில் பெரிய மாற்றம் எதுவுமில்லை. ஆனால் ஒரு மனிதன் தன் தொழிலைக் கைவிடும் கணம் அந்த இடைவெளியில் தெரிந்துவிடுகிறது. நம் நடிகர்கள் பலர் இந்த இடத்தில் கண்ணையாவது கலங்க வைத்திருப்பார்கள்!

கேள்வி: ஆஸ்கருக்குப் பிறகு அவருக்கு வாய்ப்புகள் வரவில்லையா? வேறு எந்தப் படங்களைப் பார்க்கலாம்?

பதில்: காலம்தான் இல்லாமல் போயிற்று. 2006இல் ஜெர்மன் திரைப்பட விருதும் ஐரோப்பியத் திரைப்பட விருதும் சிறந்த நடிகராக அவருக்குக் கிடைத்தன. 2007 பிப்ரவரியில் படம் சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கரை வென்றது. அதே ஆண்டு ஜூலை 22 அன்று, இரைப்பைப் புற்றுநோயால், 54 வயதில் அவர் இறந்தார்.

பார்ப்பதற்கு, ஆஸ்திரிய இயக்குநர் மிகேல் ஹானெகே எடுத்தவற்றிலிருந்து தொடங்கலாம். ‘பென்னிஸ் வீடியோ’வில் (1992), மகன் செய்த கொலையை மறைக்க முற்படும் தந்தையாக வருகிறார், என்ன செய்யலாம் என்று கணக்குப்போடும் அவரது நிதானம்தான் அதில் அச்சமூட்டுவது. ‘ஃபன்னி கேம்ஸ்’ படத்தில் (1997) தொடக்கத்திலேயே கால் முறிக்கப்பட்டு, குடும்பத்துக்கு நேர்வதைத் தடுக்க இயலாமல் கிடக்கும் தந்தை. மனைவியாக நடித்த சுசானே லோட்டார், வாழ்க்கையிலும் அவர் மனைவியே. இந்த இரண்டும் இரவில் தனியாக உட்கார்ந்து பார்க்கும் படங்கள் அல்ல. அவ்வளவு கொடுமை வேண்டாம் என்பவர்கள், அதே 1997இல் காஃப்காவின் நாவலைத் தழுவித் தொலைக்காட்சிக்காக ஹானெகே எடுத்த ‘கோட்டை’யைத் தேடிப் பார்க்கலாம். உள்ளே நுழைய அனுமதி கிடைக்காமல் பனியில் அலையும் நில அளவையாளர் ‘கே’யாக மூஹே நடித்திருக்கிறார், அதிலும் உடன் நடித்தவர் லோட்டார்தான்.