களப்பணிக்கு எதை வாசிப்பது, எப்படி எழுதுவது: கேள்வி பதில்

மதுரை வட்டாரத்தில் வழக்காறுகளைத் தொகுக்கும் இளைஞர்களும் ஆசிரியர்களும் அனுப்பிய கேள்விகளுக்கு, நெடுங்காலம் களப்பணி பயிற்றுவித்தவன் என்ற முறையில் விடை எழுதியிருக்கிறேன்.

உசிலம்பட்டி, முதுகலை மாணவர்: களத்திற்குச் செல்லும் முன் எந்த நூல்களை வாசிக்க வேண்டும், ஐயா?

உங்கள் பகுதியைப் பற்றிய நூல்களிலிருந்தே தொடங்குங்கள். உங்கள் உசிலம்பட்டிப் பக்கத்தில் வாழும் பிரமலைக் கள்ளர் சமூகத்தாரிடையே களப்பணி செய்து பிரெஞ்சு மானிடவியலாளர் லூயி துய்மோன் எழுதிய நூல் 1957-இல் பிரெஞ்சிலும் 1986-இல் ஆங்கிலத்திலும் வெளிவந்தது. அவருடைய முடிவுகளை ஏற்பதா மறுப்பதா என்பது பிறகு இருக்கட்டும். உறவுமுறையையும் கல்யாணச் சீரையும் பற்றி அவர் எவ்வளவு நுணுக்கமாகக் கேட்டிருக்கிறார் என்பதை முதலில் பாருங்கள்.

அடுத்து, தொ. பரமசிவன் மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டத்திற்காகச் செய்து, 1989-இல் நூலான ‘அழகர் கோயில்’ ஆய்வை வாசியுங்கள். கோயிலைக் கல்வெட்டும் சிற்பமுமாக மட்டும் பாராமல், சித்திரைத் திருவிழாவுக்கு வரும் மக்கள், அவர்கள் பாடும் வர்ணிப்புப் பாடல்கள், ஒவ்வொரு சமூகத்துக்கும் அழகரோடுள்ள உறவு ஆகியவற்றின் வழியாக அவர் ஆராய்ந்த முறை, தமிழில் களப்பணி செய்யும் எவரும் கற்றே ஆக வேண்டிய முறை என்று உறுதியாகச் சொல்வேன். கோட்பாட்டு நூல்களை முதலில் படித்துவிட்டுக் களத்திற்குப் போகிறவர்கள், அந்தக் கோட்பாட்டுக்குப் பொருந்துவதை மட்டுமே கேட்டுவிட்டுத் திரும்புவதைப் பலமுறை பார்த்திருக்கிறேன்.

திருமங்கலம், ஆய்வாளர்: எல்லாவற்றையும் கைபேசியில் பதிவு செய்துவிடும்போது குறிப்பேடு எதற்கு?

கைபேசியில் பேச்சு பதியும். பேசியவர் எங்கே நின்றார், எதைத் தொட்டுக் காட்டினார், யார் வந்ததும் பேச்சை நிறுத்தினார் என்பது பதியாது. கண்மாய்ப் பாசனத்தைப் பற்றிக் கேட்கப் போன மாணவர் ஒருவர், “நீர் நிர்வாகம் குறித்து முதியவர் விளக்கினார்” என்று ஒரே வரியில் எழுதி வந்தார். மீண்டும் அனுப்பினேன். இம்முறை, கண்மாயின் மிகைநீர் வழிந்தோடும் கலுங்கின் மூன்றாவது கல்லில் உள்ளங்கையை வைத்து, “தண்ணி இதத் தொட்டுச்சுன்னா அறுப்பு வரைக்கும் கவல இல்ல” என்று பெரியவர் சொன்னதை அவர் சொன்னபடியே எழுதி, கல்லின் இருப்பிடத்தையும் படமாக வரைந்து வந்தார். முதல் வரி எந்த ஊருக்கும் பொருந்தும். இரண்டாவது குறிப்பு அந்தக் கண்மாய்க்கு மட்டுமே உரியது. அன்றைய குறிப்பை அன்றிரவே விரித்து எழுதிவிட வேண்டும், ஏனெனில் ஒரு நாள் தள்ளினாலும் அவர்களுடைய சொல் போய் நம்முடைய சொல் வந்து உட்கார்ந்துகொள்ளும்.

எழுதியதற்குப் படி எடுத்து வேறோர் இடத்திலும் வையுங்கள். கர்நாடகச் சிற்றூர் ஒன்றில் களப்பணி செய்த சமூகவியலாளர் எம்.என். சீனிவாஸ் தொகுத்து வைத்திருந்த குறிப்புகளின் மூன்று படிகளும் 1970 ஏப்ரலில் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டில் நடந்த தீவைப்பில் எரிந்தன. மூன்றும் ஒரே இடத்தில் இருந்தன. பெரிதும் நினைவைக் கொண்டே அவர் எழுதிய நூல் 1976-இல் வந்தது.

மேலூர், அரசுப் பள்ளி ஆசிரியர்: எட்டாம் வகுப்புப் பிள்ளைகளைக் களப்பணியில் ஈடுபடுத்த முடியுமா?

தாராளமாக முடியும். குஜராத்தி ஆசிரியர் கிஜுபாய் பதேக்காவின் ‘பகல் கனவு’ தமிழில் கிடைக்கிறது. பாடநூலுக்கு வெளியே வகுப்பை நடத்திப் பார்க்கும் துணிவை அது உங்களுக்குத் தரும். உங்கள் ஊர் பெரியாற்றுப் பாசனப் பகுதி என்பதால், கால்வாயில் எந்த மாதம் தண்ணீர் திறக்கிறார்கள், மடையை யார் திறக்கிறார், கடைமடைக்கு எப்போது வந்து சேர்கிறது என்று பிள்ளைகள் தம் வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு வரட்டும். ஆங்கிலேய அதிகாரி நெல்சன் எழுதிய மதுரை நாட்டு வரலாறு 1868-இல் வந்தது. பெரியாறு அணை 1895-இல்தான் முடிந்தது. அணைக்கு முந்தைய மதுரைச் சீமையை அந்நூலிலிருந்து நீங்கள் எடுத்துச் சொன்னால், தாங்கள் கேட்டு வந்த செய்தியின் மதிப்பு பிள்ளைகளுக்குத் தானே விளங்கும்.

மதுரை, முனைவர் பட்ட மாணவி: பணம் கட்டினால் ஒரே வாரத்தில் கட்டுரையை வெளியிடும் இதழ்களை நம்பலாமா?

நம்ப வேண்டாம், அம்மா. ஒரே வாரத்தில் எந்த அறிஞரும் களத்தரவைச் சரிபார்த்துக் கருத்துச் சொல்லிவிட முடியாது. பல்கலைக்கழக மானியக் குழு தரமான ஆய்விதழ்கள் என ஏற்றவற்றைத் தொகுத்த தன் கேர் (CARE) பட்டியலை 2025-இல் கைவிட்டுவிட்டதால், இதழைத் தெரிந்தெடுக்கும் பொறுப்பு உங்களிடமும் உங்கள் நெறியாளரிடமுமே இருக்கிறது. அந்த இதழின் பழைய கட்டுரைகள் சிலவற்றை எடுத்து, தகவல் எந்த ஊரில், எந்த ஆண்டில், எத்தகையவரிடம் திரட்டப்பட்டது என்று எழுதியிருக்கிறதா எனப் பாருங்கள். நாட்டார் வழக்காற்று ஆய்வாளர் நா. வானமாமலை 1969-இல் தொடங்கிய ‘ஆராய்ச்சி’ இதழைத் தேடி வாசியுங்கள். சிற்றிதழாக வந்தாலும் தரத்தில் அது சிறிதும் குறைந்ததன்று.

சோழவந்தான், வாசகர்: பழைய நூல்கள் எங்கே கிடைக்கும்?

மதுரையில் 2023-இல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகத்திலும், தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்திலும் முதலில் தேடுங்கள்.

அலங்காநல்லூர், இளங்கலை மாணவி: தகவல் சொன்னவரின் பெயரை எழுதலாமா?

அவரையே கேளுங்கள். பாட்டுக் கட்டிப் பாடுபவர், கைத்தொழிலில் தேர்ந்தவர் போன்றோர் தம் பெயர் வர வேண்டும் என்றே விரும்புவார்கள். அதை விட்டுவிடுவது அவர்களுடைய அறிவை நம்முடையதாக்கிக்கொள்வதாகும். வழக்கு, பகை, குடும்பச் செய்தி என்றால் அவர் அனுமதித்தாலும் பெயரையும் ஊரையும் மாற்றிவிடுங்கள். சீனிவாஸும் தாம் எழுதிய ஊருக்கு ராம்புரா என்று மாற்றுப்பெயரே வைத்தார். அச்சுக்குக் கொடுக்கும் முன், அவர் சொன்னதாக நீங்கள் எழுதிய பகுதியை அவருக்கு வாய்விட்டுப் படித்துக் காட்டி, அவர் திருத்தச் சொல்வதைத் திருத்துங்கள்.